திரைக்கு முன்னும் பின்னும்: டி. பி. ராஜலட்சுமி

தமிழின் முதற் பேசும் படம் எது என்று வினவினால் ‘காளிதாஸ்’ என்று பள்ளி மாணவரும் விடை கூறுவர். அதன் கதாநாயகி டி. பி. ராஜலட்சுமி என்பதும் பொது அறிவு நூல்களில் இடம்பெற்றுவிட்ட செய்தியே. அவர் எழுதிய நாவல் எது என்று கேட்டால், முனைவர் பட்டம் பெற்றோரும் சற்றுத் தயங்குவர். அவ்வாறு தயங்கியவர்களுள் நானும் ஒருத்தி. முதுகலை வகுப்பில் பெண்பாற் புதின ஆசிரியர்களைப் பற்றிப் பாடம் நடத்திக்கொண்டிருந்தபோது மாணவி ஒருத்தி எழுந்து, “சினிமாவில் நடித்தவர்கள் யாரும் கதை எழுதவில்லையா அம்மா?” என்றாள். அன்று என்னிடம் விடை இல்லை. நம் இலக்கிய வட்டத்தின் பத்தாண்டு நிறைவு மலருக்குக் கட்டுரை வேண்டும் என்று நண்பர்கள் கேட்டபோது, அந்தக் கேள்விக்கு விடை எழுதுவதே முறை என்று தோன்றிற்று.

சொல்லவந்ததற்கு முன் எங்கள் ஊரைப் பற்றிச் சில சொற்கள். அச்சங்குளம் கரிசற் காட்டுச் சிற்றூர். 2021 பிப்ரவரி 12 அன்று நேர்ந்த பட்டாசு ஆலை வெடிவிபத்தால் ஊர்ப்பெயரை நாடே அறிந்தது. அதற்கு முன் அறிந்தவர் மிகச் சிலர். எனது இளமைக்காலத்தில் எங்கள் பக்கத்துப் பொங்கல் விழாக்களில் விடிய விடிய ‘வள்ளி திருமணம்’ நடக்கும். ஸ்பெஷல் நாடகம் என்பார்கள். ராஜபார்ட் ஓர் ஊரிலிருந்தும் ஸ்திரீபார்ட் வேறோர் ஊரிலிருந்தும் வருவர். ஒத்திகை ஏதுமின்றி மேடையில்தான் ஒருவரையொருவர் சந்திப்பர். சாக்கை விரித்துப் படுத்தபடி வள்ளியும் நாரதரும் செய்யும் தர்க்கத்தைக் கேட்டுக்கொண்டே உறங்கிப் போவோம். ஒருமுறை நாடகம் முடிந்த காலையில், வள்ளியாக நடித்த பெண் தகரப் பெட்டியுடன் பேருந்துக்குக் காத்திருந்தார். இரவெல்லாம் அவரை வியந்து பார்த்த பெண்கள் காலையில் எட்டியே நின்றனர். என் அப்பத்தா மட்டும் கடுங்காப்பி கொண்டுபோய்க் கொடுத்து, “இம்புட்டுப் பாட்டும் யாரும்மா சொல்லிக்குடுத்தா?” என்று கேட்டார். “பாதி வாத்தியாரு எழுதுனது பாட்டி. மீதி நானாச் சேத்துக்கிட்டது” என்றார் அவர்.

அந்த விடையின் முழுப்பொருள் ராஜலட்சுமியின் வரலாற்றைப் படித்தபோதுதான் எனக்கு விளங்கிற்று. நடிகை என்பவள் பிறர் எழுதிய சொல்லை ஒப்பிப்பவள் என்று நாம் கருதுகிறோம். நாடக மேடையில் அது எப்போதும் உண்மையாய் இருந்ததில்லை. எதிராளி வீசும் கேள்விக்கு அந்தக் கணமே பாட்டிலும் வசனத்திலும் விடை கட்டத் தெரியாத பெண் அங்கே நிலைக்க இயலாது. ராஜலட்சுமி அந்தப் பள்ளியில் பயின்றவர். ஆகவே அவர் பிற்காலத்தில் கதை எழுதியதும் படம் இயக்கியதும் நடிப்புக்குப் புறம்பாக அவர் மேற்கொண்ட புதுமை என்று கொள்வது பொருந்தாது. மேடையில் செய்துவந்ததையே அவர் தாளிலும் படச்சுருளிலும் செய்தார் என்பதே என் துணிபு.

திருவையாற்றில் 1911ஆம் ஆண்டு பிறந்தவர் அவர். இளவயதிலேயே மணம் செய்விக்கப்பட்டார்; அம்மணம் நிலைக்கவில்லை. தந்தையை இழந்தபின் தாயுடன் திருச்சிராப்பள்ளி வந்து சேர்ந்தார். அந்தணர் குடும்பத்துச் சிறுமி நாடகக் கொட்டகைக்குள் நுழைவது அந்நாளில் எத்தகைய பேச்சுக்கு இடமளித்திருக்கும் என்பதை விரித்துரைக்க வேண்டியதில்லை. சங்கரதாஸ் சுவாமிகளின் பரிந்துரையால் சி. எஸ். சாமண்ணாவின் நாடகக் குழுவில் அவர் இடம்பெற்றார் என்று அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். சுவாமிகள் மறைந்தது 1922இல். அவ்வாறாயின் பதினொரு வயது நிரம்புமுன்னரே ராஜலட்சுமி மேடையேறிவிட்டார் எனலாம்.

சென்னையில் ஏ. நாராயணன் எடுத்த ‘கோவலன்’ முதலிய ஊமைப்படங்களில் நடித்தபின், பேசும் படம் அவரைத் தேடி வந்தது. பம்பாயில் அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் நிறுவனம் 1931 மார்ச்சில் ‘ஆலம் ஆரா’வை வெளியிட்டது. அதே நிறுவனத்தில், அதே அரங்குகளில், எச். எம். ரெட்டியின் இயக்கத்தில் ‘காளிதாஸ்’ உருவாயிற்று. ராஜலட்சுமி தமிழில் பேசினார், நாயகன் பி. ஜி. வெங்கடேசன் தெலுங்கில் விடையிறுத்தார். படச்சுருள் சென்னை ரயில் நிலையத்தில் வந்திறங்கியபோது தேங்காய் உடைத்துக் கற்பூரம் காட்டி, பூத்தூவி ஊர்வலமாகக் கொண்டுசென்றனராம். 1931 அக்டோபர் 31 அன்று கினிமா சென்ட்ரலில், பின்னாளில் முருகன் டாக்கீஸ் எனப் பெயர்பெற்ற கொட்டகையில், அது திரையிடப்பட்டது.

இப்படத்தில் நம் மண்ணுக்கும் ஒரு பங்குண்டு. கதைக்குச் சற்றும் தொடர்பில்லாமல் இராட்டினத்தைப் போற்றும் பாடலும், இந்தியர் தமக்குள் பிணங்குவதை நொந்துரைக்கும் பாடலும் இதில் இடம்பெற்றன. அவற்றை எழுதியவர் மதுரகவி பாஸ்கரதாஸ். மதுரைப் பெயரோடு வழங்கினும் விளாத்திகுளத்தை அடுத்த நாகலாபுரத்தில் வாழ்ந்தவர். நம் உறுப்பினர் பலரும் நன்கறிந்த எழுத்தாளர்களான ச. தமிழ்ச்செல்வனும் கோணங்கியும் அவருடைய மகள்வழிப் பேரர்கள். மற்றொரு பேரரான ச. முருகபூபதி அவருடைய நாட்குறிப்புகளைத் தொகுத்து நூலாக்கினார். உப்புச் சத்தியாக்கிரகத்தின் சூடு ஆறாத காலத்தில், கரிசற் காட்டுக் கவிஞர் ஒருவரின் சொல், காவிரிக்கரைப் பெண்ணொருத்தியின் குரலில், பம்பாய்க் கருவியில் பதிவாகித் தமிழகம் எங்கும் ஒலித்தது.

‘காளிதாஸ்’ கதையையும் சற்று நினைவுகூர வேண்டும். மந்திரியின் மகனை மணக்க மறுத்த இளவரசி, அந்த மந்திரியின் சூழ்ச்சியால் ஆடு மாடு மேய்ப்பவன் ஒருவனுக்கு மணமுடிக்கப்படுகிறாள். பின்னர் காளியின் அருளால் அவன் கவியாகிறான். எல்லாம் இனிதே முடிகிறது. தன் விருப்பத்தைக் கேளாமல் செய்யப்பட்ட மணத்தைத் தானே கண்ட இருபது வயதுப் பெண்தான் அந்த இளவரசியாக நடித்தார். இதை எழுதும்போது நான் அளவுக்கு மீறி ஊகிக்கிறேனோ என்ற ஐயம் எனக்கே எழுகிறது. ஆயினும் ஐந்தாண்டுகள் கழித்து, தம் சொந்தப் பணத்தில் தம் சொந்தக் கதையைப் படமாக்கும் உரிமை கிடைத்தபோது, அவர் எடுத்துக்கொண்ட பொருள் என்ன என்று நோக்கினால் இந்த ஊகம் அவ்வளவு வீணானதன்று என்றே படுகிறது.

இடையே 1933இல் ‘வள்ளி திருமணம்’ வந்தது. கோயம்புத்தூர் சாமிக்கண்ணு வின்சென்ட் கல்கத்தாவின் பயனீர் நிறுவனத்தோடு கூடித் தயாரித்த படம். பி. வி. ராவ் இயக்கினார். வள்ளியாக நடித்த ராஜலட்சுமிக்கு அது பெரும்பெயரும் பொருளும் ஈட்டித் தந்தது. ‘சினிமா ராணி’ என்ற பட்டம் அவருடைய பெயருக்கு முன் நிரந்தரமாக ஒட்டிக்கொண்டது. உடன் நடித்த டி. வி. சுந்தரத்தை மணந்துகொண்டதும் அக்காலத்திலேயே. ‘திரௌபதி வஸ்திராபஹரணம்’, ‘லலிதாங்கி’ எனப் படங்கள் தொடர்ந்தன. அவற்றை இங்கே விரிக்கவில்லை. புராணப் பாத்திரங்களில் அவர் பெற்ற வெற்றி ஏற்கெனவே பலரால் எழுதப்பட்டதுதான்.

1936இல் ஸ்ரீராஜம் டாக்கீஸ் என்னும் தம் நிறுவனத்தின் சார்பில் ‘மிஸ் கமலா’வை ராஜலட்சுமி தயாரித்தார். கதை அவருடையது, ‘கமலவல்லி’ என்ற நாவலாக முன்னரே அவர் எழுதியது. இயக்கமும் அவரே, நாயகியும் அவரே. தென்னிந்தியாவில் ஒரு பெண் இயக்கிய முதற்படம் அது. ஒருவனிடம் மனத்தைக் கொடுத்தவள் மற்றொருவனுக்கு மணமுடிக்கப்படுவதால் நேரும் இன்னலே கதையின் கரு. ‘காளிதாஸ்’ இளவரசிக்குக் காளி துணைநின்றாள். இது சமூகக் கதை. கமலாவின் சிக்கலை மனிதரே அவிழ்த்தாக வேண்டும்.

தலைப்பைப் பற்றித் தமிழாசிரியை என்ற முறையில் ஒன்று சொல்லத் தோன்றுகிறது. நாவலின் பெயர் நல்ல தமிழ்ப் புழக்கத்தில் அமைந்திருக்க, படத்திற்கு ‘மிஸ்’ என்ற அடை எதற்கு என்று முதலில் நானும் முகஞ்சுளித்தேன். எண்ணிப் பார்க்கையில் வேறொன்று புலப்பட்டது. ‘செல்வி’ என்ற சொல் அந்நாளில் இன்றுபோல் பெயரடையாகப் பரவியிருக்கவில்லை. யாருடைய மகள், யாருடைய மனைவி என்று சுட்டாமல் ஒரு பெண்ணைத் தனியே நிறுத்திக்காட்ட ஏற்ற அடை அப்போது அரிதாகவே இருந்தது. அதை அறிந்தே அவர் ‘மிஸ்’ என்பதை எடுத்தார் என்று கருத இடமுண்டு.

அவ்வேளையில் நாவல்கள் திரைக்கு வரத் தொடங்கியிருந்தன. வடுவூர் துரைசாமி ஐயங்காரின் ‘மேனகா’ 1935இல் டி. கே. எஸ். சகோதரர்களின் நடிப்பில் வந்தது. எஸ். எஸ். வாசனின் கதை 1936இல் ‘சதிலீலாவதி’யாயிற்று; எம். ஜி. ராமச்சந்திரன் முதன்முதலாகத் தோன்றிய படம் என்ற வகையில் அதை இன்றும் நினைவுகூர்கிறோம். இவ்விரண்டிலும் எழுதியவர் ஒருவர், இயக்கியவர் வேறொருவர். ‘மிஸ் கமலா’வில் அந்தப் பிரிவு இல்லை.

இயக்கம் என்பது அந்நாளில் எத்தகைய வேலை என்பதை இன்றைய வாசகர் உணர்ந்தால்தான் இதன் அருமை தெரியும். பின்னணிக் குரல் முறை வேரூன்றாத காலம் அது. நடிப்பவரே பாட வேண்டும். பக்கவாத்தியக்காரர் படப்பெட்டியின் பார்வைக்கு அப்பால் மறைந்தமர்ந்து வாசிக்க வேண்டும். பாட்டின் கடைசி அடியில் ஒருவர் தடுமாறினாலும் முதலடியிலிருந்து மீண்டும் தொடங்க வேண்டியதுதான். வீணாகும் படச்சுருளின் விலை தயாரிப்பாளர் தலையில். எடுத்த காட்சியை உடனே போட்டுப் பார்க்கும் வசதி இல்லை. இயக்குபவர் மற்றவரைப் பார்த்துத் திருத்தலாம். தாமே நடிக்கும்போது தம்மை எவ்வாறு பார்ப்பது? எதிரே நிற்பவரின் முகத்திலிருந்தும், தம் குரல் திரும்பி வருவதிலிருந்தும் நிறையையும் குறையையும் அளந்துகொள்ள வேண்டும். மேடையில் வளர்ந்தவர்க்கே வாய்க்கும் செவிப்பயிற்சி அது.

பெண்கள் கருவிகளின் பக்கம் வந்தது அவர் ஒருவரோடு நின்றுவிடவில்லை. ‘கோவலன்’ எடுத்த ஏ. நாராயணன் சென்னையில் சீனிவாசா சினிடோனைத் தொடங்கி 1934இல் ‘சீனிவாச கல்யாண’த்தை எடுத்தபோது ஒலிப்பதிவுப் பொறுப்பை ஏற்றவர் அவருடைய துணைவியார் மீனாட்சி நாராயணன். பம்பாயில் 1926இலேயே ஃபாத்மா பேகம் ‘புல்புலே பரிஸ்தான்’ என்ற படத்தை இயக்கியிருந்தார். நர்கிஸின் தாயாரான ஜத்தன்பாய், ராஜலட்சுமி படம் எடுத்த அதே 1936இல் ‘மேடம் ஃபேஷன்’ எடுத்தார். பிரான்சில் ஆலிஸ் கீ சினிமா பிறந்த மறு ஆண்டிலிருந்தே படம் இயக்கியவர். ‘முதல் பெண்’ என்ற பட்டத்தில் எனக்கு அவ்வளவு ஈடுபாடு இல்லை. அது ஒருவரை மைல்கல்லாக நட்டுவிட்டு நாம் கடந்துபோவதற்கு உதவுகிறது. மைல்கல்லிடம் யாரும் நின்று பேசுவதில்லை.

நின்று பேச வேண்டிய இடம் அவருடைய நாவல் என்பதே இக்கட்டுரை வற்புறுத்தும் கருத்து. 1936 தமிழ்ப் பெண் எழுத்துக்கு முக்கியமான ஆண்டு. மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரின் ‘தாசிகள் மோசவலை’ அவ்வாண்டில்தான் வெளிவந்தது. 1925 முதல் ‘ஜகன்மோகினி’ இதழை நடத்திவந்த வை. மு. கோதைநாயகி அம்மாள் அப்போது புகழின் உச்சியில் இருந்தார். நூற்றுப்பதினைந்து நாவல்கள் எழுதிய அவருடைய கதைகளுள் ‘ராஜமோகன்’ 1937இலும் ‘அநாதைப் பெண்’ 1938இலும் படமாயின. இவ்விருவரையும் இலக்கிய வரலாறு ஓரளவேனும் ஏற்றுக்கொண்டது, அதுவும் நெடுநாள் தயக்கத்திற்குப் பின். ராஜலட்சுமியை அது சினிமாவின் பக்கம் தள்ளிவிட்டது. சினிமா வரலாறோ, நாவல் எழுதினார் என்ற செய்தியை ஒரு வரியில் சொல்லி நகர்ந்துவிடுகிறது. இரு வீட்டுக்கும் உரியவர் இரு வீட்டுத் திண்ணையிலும் நிற்கிறார். மேடை, தாள், திரை மூன்றிலும் ஒரே பொருளைத் தொடர்ந்து சிந்தித்த ஒருவருக்கு இது நேர்ந்தது முறையன்று. கோதைநாயகி அம்மாளைப் பாடத்திட்டத்தில் வைக்கும் நாம், ‘கமலவல்லி’யையும் அதே மேசைமேல் வைத்துப் படித்துத்தான் அதன் தரத்தை முடிவுசெய்ய வேண்டும். படிக்குமுன்னரே நடிகையின் பொழுதுபோக்கு என ஒதுக்குவது ஆய்வு நெறியாகாது.

‘மிஸ் கமலா’வுக்குப் பின் 1938இல் ஏ. வி. மெய்யப்பன் தயாரித்த ‘நந்தகுமா’ரில் யசோதையாக நடித்தார். 1930களின் இறுதியில் ‘மதுரை வீரன்’ படத்தைத் தாமே இயக்கினார். தேச உணர்ச்சி பொருந்திய ‘இந்தியத் தாய்’ தணிக்கையாளரின் கெடுபிடியால் இழப்பையே தந்தது என்பர். சொந்தமாகப் படம் எடுப்பதன் மறுபக்கம் அது. பிறர் படத்தில் நடித்தால் கூலி. தம் படத்தில் நடித்தால் கடனும் தம்முடையதே. செல்வம் கரைந்தது. புதிய முகங்கள் வந்தன. 1961இல் கலைமாமணிச் சிறப்புப் பெற்ற அவர் 1964இல் மறைந்தார்.

அவருக்குப் பின் இவ்வழியில் வந்தவர்களுள் பி. பானுமதி வென்றார். பரணி என்ற பெயரில் படநிறுவனமும் படப்பிடிப்பு நிலையமும் அவர் குடும்பத்துக்கு இருந்தன, 1953இல் ‘சண்டிராணி’யை மூன்று மொழிகளில் இயக்கினார், தெலுங்கில் அவர் எழுதிய நகைச்சுவைக் கதைகளை அம்மொழி இலக்கியம் பெருமையோடு ஏற்றுக்கொண்டது. சாவித்திரி ‘குழந்தை உள்ள’த்தையும் 1971இல் ‘பிராப்த’த்தையும் இயக்கிப் பொருளிழந்தார். இருவரையும் ஒப்பிடும்போது, திறமையைவிடச் சொந்த நிலையமும் உடன்நின்று கணக்குப் பார்ப்போரும் இருந்தனரா என்பதே வேறுபாடாகத் தெரிகிறது. ராஜலட்சுமி தொடங்கிய நாளில் நிலையங்களே சென்னையில் விரல்விட்டு எண்ணத்தக்கவை.

‘காளிதாஸ்’, ‘மிஸ் கமலா’ இரண்டுமே இன்று இல்லை. ஒரு பிரதிகூட எஞ்சவில்லை. இது ஏன் நேர்ந்தது என்பதை வெடிமருந்துப் பகுதியில் வாழும் நமக்கு எளிதில் விளக்கலாம். 1950களின் தொடக்கம் வரை படச்சுருள் நைட்ரோ செல்லுலோஸால் ஆனது. பீரங்கிக்குப் பயன்பட்ட வெடிபஞ்சுக்கு அது நெருங்கிய உறவு. பற்றிக்கொண்டால் நீருக்கும் அடங்காது. பற்றாவிட்டாலும் வெப்பத்தில் பிசினாகி, பின் பொடியாகிவிடும். ஓடி முடிந்த படத்தைப் பாதுகாப்பதைவிட, அதிலுள்ள வெள்ளிக்காக உருக்கி விற்பது இலாபமாகவும் இருந்தது. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் நிறுவப்பட்டது 1964இல், அவர் மறைந்த அதே ஆண்டில்.

ஆனால் முகம் மட்டும் எரியவில்லை. ராஜலட்சுமியின் ஒளிப்படம் இன்றும் கிடைக்கிறது. அவர் இயக்கிய ஒரு காட்சியும் கிடைப்பதில்லை. சிவகாசி லித்தோ அச்சகங்கள் எத்தனையோ நடிகையரின் முகங்களை நாட்காட்டியிலும், தீப்பெட்டி லேபிளிலும், பட்டாசுக் கட்டின் மேலும் பதித்து நாடெங்கும் அனுப்பியிருக்கின்றன. அந்த லேபிளை ஒட்டிய கைகள் எங்கள் வீட்டுக் கைகள். நானும் பள்ளி விட்டு வந்து அப்பத்தாவோடு அமர்ந்து பெட்டி ஒட்டியவள்தான். பசை காய்வதற்குள் அடுத்த பெட்டியை எடுக்க வேண்டும்; முகத்தில் சுருக்கம் விழுந்தால் கூலியில் பிடிப்பார்கள். அந்த முகத்துக்கு உரியவரும் எங்கோ ஒரு கையாக இருந்து எதையேனும் செய்திருக்கக்கூடும் என்று அப்போது எனக்குத் தோன்றியதில்லை.

படம் அழிந்தபின் அதை அறிய நமக்குள்ள சான்றுகள் இதழ்களின் விளம்பரங்களும், கொட்டகை வாசலில் விற்ற பாட்டுப் புத்தகங்களுமே. கதைச் சுருக்கமும் நடிகர் பெயரும் பாடல்களும் அடங்கிய மெல்லிய வெளியீடுகள் அவை. ஃபிலிம் நியூஸ் ஆனந்தனும் சு. தியடோர் பாஸ்கரனும் இத்தகைய தாள்களைக் கொண்டே பழைய படங்களின் வரலாற்றை மீட்டனர். நம் உறுப்பினர் இல்லங்களில், பரணிலோ தகரப் பெட்டியிலோ, ‘கமலவல்லி’ நாவலின் பிரதியோ ‘மிஸ் கமலா’ பாட்டுப் புத்தகமோ இருப்பின், அட்டை இல்லாவிடினும், வட்டத்திற்குத் தந்துதவ வேண்டுகிறேன்.

அப்பத்தா இறந்தபின் அவருடைய பெட்டியைத் திறந்தோம். ஒட்டாமல் எஞ்சிய லேபிள் தாள்களுக்கு அடியில் ஒரு பாட்டுப் புத்தகம் இருந்தது. மேலட்டையும் முதல் இரண்டு தாள்களும் போயிருந்தன. எழுதியவர் பெயர் அவற்றோடு போயிற்று. ‘வள்ளி திருமண’ நாடகப் பாடல்கள். அப்பத்தாவுக்கு எழுத்துத் தெரியாது. யாரையேனும் படிக்கச்சொல்லிக் கேட்டிருப்பார். சில பாடல்களுக்கு எதிரே கரித்துண்டால் கோடு போட்டிருந்தது. கடுங்காப்பி குடித்த அந்த வள்ளி தாமாகச் சேர்த்துக்கொண்டது எது, வாத்தியார் எழுதியது எது என்று ஒப்பிட்டுப் பார்க்கச் சில நாட்கள் முயன்றேன். நினைவில் இருந்த அடிகளுள் இரண்டு அந்தப் புத்தகத்தில் இல்லை.